எலுமிச்சம்பழம் வைக்கும்போது பிரேக் பேட்டையும் ஒரு தடவை பாருங்க



போன ஞாயிற்றுக்கிழமை காலை பூசை முடிந்து பிரசாதம் கொடுத்துக்கொண்டிருந்த நேரத்தில், கோயிலுக்குப் பின்னால் காடி நிறுத்துகிற இடத்தில் நாங்கள் நாலு தொண்டர்கள் ஒரு பழைய மைவியின் முன் டயரைக் கழட்டி வைத்துக்கொண்டு நின்றோம். நிறைய பேர் பார்த்தீங்க. சில பேர் நின்று கேள்வி கேட்டீங்க. சில பேர் முகத்தைச் சுளிச்சிக்கிட்டுப் போனீங்க, அதையும் பார்த்தோம். மறுநாளே நிர்வாகத்துக்குப் புகார் போயிருக்கு. "இது கோயிலா, இல்ல ஒர்க்‌ஷாப்பா? சாமி கும்பிட வர்ற இடத்தில ஜேக்கும் ஸ்பானரும் எதுக்கு?" என்று. தலைவர் எங்களைக் கூப்பிட்டுக் கேட்டார். கோபமா இல்லை, பக்குவமாத்தான் கேட்டார். அவர்கிட்ட சொன்ன பதிலை எல்லாருக்கும் சொல்லிடுவோம் என்றுதான் இவ்வளவு நீளமா எழுதுறோம். பொறுமையா படிங்க.

முதலில் எங்க தப்பை ஒத்துக்கிறோம். பிரேக் தூசி கருப்பா தரையில் விழுந்தது உண்மை. வெறுங்காலோட கோயிலைச் சுத்தி வர்றவங்க நடக்கிற பாதைக்குப் பக்கத்திலேயே விழுந்தது. அந்தத் தூசி மூச்சில் போனாலும் நல்லதில்லை. பிள்ளைங்க வேற சுத்தி நின்னாங்க. இனிமே கேன்வாஸ் விரிச்சி, பாதையிலிருந்து தள்ளி, வேலியோரக் கடைசி மூலையில்தான் செய்வோம். அந்த அளவுக்குப் புகார் நியாயம். ஆனா "கோயிலில் இந்தப் பேச்சே கூடாது" என்கிறதை எங்களால் ஒத்துக்க முடியல.

ரெண்டு வருசத்துக்கு முன்னாடி திருவிழாவுக்குப் பூ எடுக்க கேமரன் மலைக்குப் போனோம். தோட்டத்திலேயே நேரா வாங்கினா செவ்வந்தி விலையும் குறையும், பூவும் வாடாமல் இருக்கும். ரெண்டு காடி. முன்னால் போன காடியில் நாலு பேர், பின்னாடி பூட்டு நிறைய பூப்பெட்டி. விடியற்காலையில் ஏறி, மத்தியானத்துக்கு மேல தாப்பா ரோட்டில் இறங்கினோம். அந்த ரோட்டில் போனவங்களுக்குத் தெரியும், ரிங்லெட் தாண்டிட்டா தாப்பா வரைக்கும் வளைவு மேல வளைவுதான். ஓட்டின தம்பி கியரை 'டி'யிலேயே போட்டுக்கிட்டு, காலைப் பிரேக் மேலேயே வெச்சிக்கிட்டு இறங்கியிருக்கார். பாதி வழியில் என்னமோ கருகுற வாடை. பூப்பெட்டியில் இருந்து வருதோ என்று திரும்பிப் பார்த்திருக்காங்க. அப்புறம் கர்ர்ர் என்று இரும்போட இரும்பு தேயுற சத்தம். பெடலை மிதிச்சா வழக்கத்தை விட ரொம்பக் கீழே போகுது. லாத்தா இஸ்கந்தார் அருவிக்குப் பக்கத்தில், கடைங்க இருக்கிற இடத்தில் எப்படியோ ஓரங்கட்டி, கை பிரேக்கையும் இழுத்து நிறுத்திட்டார். பின்னாடி வந்த நாங்க இறங்கி ஓடிப் பார்த்தா இடது பக்க முன் டயருக்குள்ள இருந்து புகை வருது. உள்ளே உட்கார்ந்திருந்த அக்கா கந்த சஷ்டி கவசம் சொல்லிக்கிட்டே இருக்காங்க, காடி நின்ன பிறகும் அவங்களுக்கு நிறுத்தத் தெரியல.

நல்லா ஆற விட்டு டயரைக் கழட்டிப் பார்த்தோம். வெளிப்பக்கப் பேட் பாதிக்கு மேல இருந்தது. உள்பக்கப் பேட் சுத்தமா இல்லை. பேட்டுக்குப் பின்னால் இருக்கிற இரும்புத் தகடு நேரா டிஸ்க்கில் உரசி, டிஸ்க்கில் விரல் வெச்சா தெரியுற அளவுக்குப் பள்ளம். பூவை இன்னொரு காடியில் ஏத்தி அனுப்பிட்டு, இழுவை வண்டிக்குக் காத்துக்கிட்டு நின்னோம். திருவிழா நல்லபடியா நடந்தது. அலங்காரத்தைப் பார்த்து எல்லாரும் பூ பிரமாதம் என்று சொன்னீங்க. அந்தப் பூ எப்படி மலையிலிருந்து இறங்கி வந்தது என்று இதுவரைக்கும் நாங்க வெளியே சொன்னதில்லை.

எங்களை உறுத்தினது ரெண்டு விஷயம். அந்தக் காடிக்கு மூணு வாரத்துக்கு முன்னாடிதான் நம்ம கோயிலில் பூசை போட்டது. தட்டைப் பிடிச்சிக்கிட்டு நின்னதே எங்கள்ல ஒருத்தர்தான். நாலு டயருக்கும் அடியில் எலுமிச்சம்பழம் வெச்சி, காடி நகர்ந்து பழம் நசுங்கினப்போ சந்தோசமாப் பார்த்துக்கிட்டு நின்னோம். பழம் வைக்கிறதுக்கு டயர் பக்கத்தில் குனிஞ்ச கைக்கும் அந்தத் தேஞ்சு போன பேட்டுக்கும் நடுவில் ஒரு முழம் தூரம் கூட இருந்திருக்காது. யாரும் பார்க்கல. இன்னொண்ணு, அதுக்கும் ஒரு மாசம் முன்னாடி ஒரு ஒர்க்‌ஷாப்பில் எண்ணெய் மாத்தினப்போ பில்லில் "பிரேக் ஓக்கே" என்று எழுதிக் கொடுத்திருக்காங்க. ரிம் இடுக்கு வழியா எட்டிப் பார்த்திருப்பாங்க. அப்படிப் பார்த்தா வெளிப்பேட்தான் கண்ணுக்குத் தெரியும். உள்பேட் மறைஞ்சி இருக்கும். டயரைக் கழட்டினால்தான் அதோட நிஜ நிலைமை தெரியும்.

இதைச் சொன்னா சில பெரியவங்க, "அதான் சாமி காப்பாத்திட்டாரே, அப்புறம் என்ன?" என்கிறாங்க. காப்பாத்தினார், நாங்களும் அப்படித்தான் நம்புறோம். அந்த அக்கா நம்புறதை யாரும் மாத்த முடியாது. ஆனா ஆயுத பூசைக்கு நாம என்ன பண்றோம்? முந்தின நாளே சாமான் எல்லாத்தையும் எடுத்து, துரு தேய்ச்சி, கழுவித் துடைச்சி, எண்ணெய் போட்டு, அதுக்கு அப்புறம்தானே சந்தனம் குங்குமம் வைக்கிறோம்? அழுக்கு அரிவாள் மேலே யாராவது பொட்டு வெப்பாங்களா? தோட்டத்தில் எங்க அப்பாங்க காலத்தில் பால் வெட்டுற உளியைக் கூட தீட்டித்தான் பூசையில் வெச்சாங்க. காடிக்கு மட்டும் எப்படி வெளிப்பக்கம் மெழுகு போட்டுப் பளபளப்பாக்கிட்டு நேரா பூசைக்கு வந்துடுறோம்? அதுவும் ஆயுதம்தான். அதில் நம்ம பிள்ளைங்க உட்கார்ந்து வருது.

எங்கள்ல மூணு பேருக்கு ஃபேக்டரி வேலை. ஃபேக்டரியில் விபத்து நடக்கணும் என்றே அவசியமில்லை. நடக்கப் பார்த்து தப்பிச்சாலே "நியர் மிஸ்" என்று ஒரு ஃபாரம் எழுதணும். யாருக்கும் அடிபடல என்று சொல்லி விட முடியாது. ஏன் நடந்தது, அடுத்த தடவை நடக்காமல் இருக்க என்ன செய்யப்போறே என்று எழுதிக் கையெழுத்துப் போடணும். கேமரன் ரோட்டில் நடந்தது அப்படி ஒரு நியர் மிஸ். பின்னால் காடி நிறுத்துற இடத்தில் நாங்க பண்றது அந்த ஃபாரத்துக்கு எழுத வேண்டிய பதில்தான்.

இன்னொரு விஷயம் நிறைய பேருக்குத் தெரியல. லாரி, பஸ்ஸுக்கெல்லாம் ஆறு மாசத்துக்கு ஒரு தடவை பரிசோதனைக்குப் போகணும். நம்ம சொந்தக் காடிக்கு மலேசியாவில் அப்படி வருசா வருசம் கட்டாயம் கிடையாது. விக்கும்போது, பேர் மாத்தும்போது கொண்டு போவோம், அவ்வளவுதான். ரோட் டெக்ஸ், இன்சூரன்ஸ் கட்டினா காடி ஓடும். சிங்கப்பூரில் இருக்கிற சொந்தக்காரங்களைக் கேட்டுப் பாருங்க, அங்கே மூணு வருசம் ஆன காடிக்கு ரெண்டு வருசத்துக்கு ஒரு தடவை, பத்து வருசம் தாண்டினா வருசா வருசம் பரிசோதனை. இங்கே பதினைஞ்சு வருசக் காடியை யாருமே அடியில் எட்டிப் பார்க்காமல் ஓட்டிக்கிட்டு இருக்கலாம். நம்ம கோயில் வாசலில் நிக்கிற காடிகளில் பாதிக்கு மேல பத்து வருசம் தாண்டினது. நாமதான் பார்த்துக்கணும், வேற யாரும் பார்க்க மாட்டாங்க.

சரி, வீட்டிலேயே முன் பிரேக் பேட் மாத்தலாமா? இதுதான் போன ஞாயிறு அதிகம் பேர் கேட்ட கேள்வி. எங்க கருத்து, மாத்தலாம். ஆனா எல்லாரும் மாத்தக் கூடாது. ரெண்டையும் சேர்த்துத்தான் சொல்றோம், பாதியை மட்டும் எடுத்துக்கிட்டுப் போயிடாதீங்க.

பிரேக் பிடிக்கும்போது காடியோட பாரம் எல்லாம் முன்னால சாயும். அதனால் நிறுத்துற வேலையில் பெரும்பங்கு முன் பிரேக்குக்குத்தான். முன் பேட் சீக்கிரம் தேயுறதும் அதனாலதான். புதுப் பேட்டில் தேயுற பகுதி சுமாரா 10 மில்லிமீட்டர் கனம் இருக்கும். 3 மில்லிமீட்டருக்கு வந்துட்டா மாத்திடணும். சில பேட்டில் ஓரத்தில் ஒரு சின்ன இரும்பு நாக்கு வெச்சிருப்பாங்க, தேஞ்சதும் அது டிஸ்க்கில் உரசி கீச்சு கீச்சு என்று கத்தும். அது பழுது இல்லை, நமக்காக வெச்ச மணி. ரேடியோ சத்தத்தை ஏத்தி வெச்சிக்கிட்டு அந்த மணியைக் கேட்காமல் ஓட்டுறவங்க நம்மிலேயே இருக்காங்க. எத்தனை கிலோமீட்டருக்கு ஒரு தடவை மாத்தணும் என்று கேட்டா ஒரே பதில் கிடையாது. ஹைவேயில் ஓடுற காடிக்கு ரொம்ப நாள் வரும். கேஎல் ஜாமில் தினம் நின்னு நின்னு போற காடிக்குச் சீக்கிரம் தேயும். மலை ஏறி இறங்குறவங்களுக்கு இன்னும் சீக்கிரம்.

வேலை என்று பார்த்தா அது ஒண்ணும் மந்திரம் இல்லை. ஆனா வரிசை மாறக் கூடாது. சமதரையில் காடியை நிறுத்தி, கை பிரேக் போட்டு, கியரை 'பி'யில் வெச்சி, பின் டயர் ரெண்டுக்கும் கட்டை கொடுக்கணும். டயர் நட்டைக் காடி தரையில் இருக்கும்போதே அரைச்சுத்து தளர்த்திக்கணும், தூக்கின பிறகு முக்கி முக்கித் திருகினா காடி ஜேக்கில் இருந்து நழுவிடும். தூக்கினதும் உடனே ஜேக் ஸ்டேண்ட் வைக்கணும். இதில் மட்டும் எங்களுக்கு இரக்கமே கிடையாது. காடியோட பூட்டில் வர்ற ஜேக் நடுரோட்டில் டயர் மாத்துறதுக்காகக் கொடுத்தது. அதை மட்டும் நம்பி யாரும் அடியில் கையோ தலையோ வைக்கக் கூடாது. ஸ்டேண்ட் வெச்ச பிறகு காடியைக் கையால் தள்ளிப் பார்க்கணும், ஆடினா இறக்கி மறுபடி வைக்கணும். கழட்டின டயரைக் காடிக்கு அடியில் படுக்க வெச்சிடணும். ஸ்டேண்டே சரிஞ்சாலும் டயர் மேலேதான் உட்காரும். எங்க ஃபேக்டரியில் ஒரு பூட்டு போதுமான இடத்திலும் ரெண்டு பூட்டு போடச் சொல்லுவாங்க, அந்தப் பழக்கம்.

அதுக்கு அப்புறம் கேலிப்பர். நிறைய காடியில் கீழ் போல்ட்டை மட்டும் கழட்டினா பெட்டி மூடி மாதிரி மேலே தூக்கிடலாம். முழுசா கழட்ட வேண்டிய காடியா இருந்தா, ஒரு கம்பியால் ஸ்பிரிங்கில் கட்டித் தொங்க விடணும். பிரேக் எண்ணெய் போற ரப்பர் குழாயிலேயே தொங்க விடுறவங்க இருக்காங்க, குழாய் உள்ளுக்குள்ள கிழிஞ்சா வெளியே தெரியாது. பழைய பேட்டை எடுக்கிறதுக்கு முன்னாடி கைத்தொலைபேசியில் படம் எடுத்து வெச்சிக்கங்க. ஒரு பக்கம் முடிச்சிட்டுத்தான் மறுபக்கம் கழட்டணும், சந்தேகம் வந்தா எட்டிப் பார்த்துக்கலாம். தேஞ்சது ஒரு பக்கம்தான் என்றாலும் ரெண்டு பக்கமும் சேர்த்துத்தான் மாத்தணும், இல்லாட்டி பிரேக் பிடிக்கிறப்போ காடி ஒரு பக்கம் இழுக்கும்.

பிஸ்டனை உள்ளே தள்ளுறப்போ பழைய பேட்டை அது மேலே வெச்சி, கிளேம்ப் போட்டு மெதுவா திருகணும். அதுக்கு முன்னாடி பானெட்டைத் திறந்து பிரேக் எண்ணெய் டப்பா மூடியைத் தளர்த்தி, சுத்தித் துணி போடுங்க. பிஸ்டன் உள்ளே போகப் போக அங்கே எண்ணெய் மேலே ஏறும், டப்பா நிறைஞ்சிருந்தா வெளியே வழியும். பிரேக் எண்ணெய் பெயிண்டைத் தின்னுடும். பட்டுட்டா உடனே தண்ணி ஊத்திக் கழுவணும்.

எல்லாரும் அவசரத்தில் தாண்டிப் போற இடம் ஒண்ணு இருக்கு. கேலிப்பர் ஆடுறதுக்கு ரெண்டு பின் இருக்கும், ரப்பர் உறை போட்டிருக்கும். அதை வெளியே இழுத்துத் துடைச்சி, அதுக்குன்னே விக்கிற சிலிக்கோன் கிரீஸ் கொஞ்சமா தடவிப் போடணும். கையில் கிடைச்ச சாதாரண கிரீஸையோ என்ஜின் எண்ணெயையோ போட்டா ரப்பர் ஊதிப்போயிடும். கேமரன் போன காடியில் இந்தப் பின்தான் துருப்பிடிச்சி இறுகிப் போயிருந்தது. கேலிப்பர் நகர முடியாததால் வெளிப்பேட் சரியா வேலை செய்யல, உள்பேட் மட்டும் தனியா உழைச்சித் தேஞ்சிருக்கு. பேட் மாத்துற போமன் அந்தப் பின்னை ஒரு தடவை இழுத்துப் பார்த்திருந்தா போதும். புதுப் பேட் போட்டாலும் இதைச் சரி பண்ணாட்டி மறுபடி அதேதான் நடக்கும். உள்பேட்டும் வெளிப்பேட்டும் ஒரே அளவில் தேஞ்சிருக்கான்னு பார்க்கிறதுதான் இந்த வேலையோட பாதிப் பலன்.

பேட் முகத்திலும் டிஸ்க்கிலும் எண்ணெய்க் கை படக் கூடாது. தூசியை வாயால் ஊதக் கூடாது, ஈரத் துணியால் துடைங்க, இல்லாட்டி பிரேக் கிளீனர் அடிங்க. டிஸ்க்கோட குறைஞ்ச கனம் எவ்வளவு இருக்கலாம் என்று டிஸ்க்கிலேயே பொறிச்சிருப்பாங்க, அதுக்குக் கீழே போயிட்டா டிஸ்க்கையும் மாத்தணும். டயர் நட்டை எதிரெதிரா முடுக்கி, இறக்கின பிறகு கடைசி முடுக்கு. எல்லா அளவும் உங்க காடியோட புத்தகத்தில் இருக்கு, கிளவ் பாக்ஸில் பிளாஸ்டிக் பிரிக்காமல் கிடக்குதே, அதேதான்.

இப்ப எங்க கதை ஒண்ணு. வெட்கத்தை விட்டுச் சொல்றோம். எங்கள்ல ஒருத்தர் வீட்டில், முதல் தடவை நாங்களா பேட் மாத்தினோம். எல்லாம் சரியாத்தான் செஞ்சோம். சந்தோசத்தில் காடியை ரிவர்ஸ் எடுத்தோம். பிரேக் மிதிச்சா பெடல் நேரா தரைக்குப் போயிடுச்சு! பிஸ்டனை உள்ளே தள்ளியாச்சு இல்லையா, பெடலைப் பல தடவை மிதிச்சி அதை மறுபடி பேட்டுகிட்ட கொண்டு வரணும், அதுக்கு அப்புறம்தான் காடியை நகர்த்தணும். அது தெரியும். படிச்சும் இருக்கோம். அந்த நேரத்தில் மறந்துட்டோம். கை பிரேக்கை இழுத்து நிறுத்துறதுக்குள்ள எதிர்வீட்டுப் பூந்தொட்டி ரெண்டு போச்சு. எதிர்வீட்டு அம்மா மலாய்க்காரங்க, ரொம்ப நல்லவங்க, தொட்டிக்குக் காசு கூட வாங்க மாட்டேன் என்றுட்டாங்க. ஆனா அவங்க பேரன் ரெண்டு நிமிசத்துக்கு முன்னாடி அதே இடத்தில் சைக்கிள் ஓட்டிக்கிட்டு இருந்தான். அந்த ரெண்டு நிமிசம் இன்னும் எங்களுக்குத் தூக்கத்தில் வருது. அன்னியிலிருந்து பேட் மாத்தினா, காடிச் சாவியை ஒருத்தர் கையில் வெச்சிக்கிறோம். இன்னொருத்தர் பெடல் மிதிச்சி, கெட்டியாச்சு என்று சத்தமா சொன்னால்தான் சாவி கொடுப்போம். சிரிக்கிறவங்க சிரிச்சிக்கங்க.

அதுக்கு அப்புறமும் உடனே ஹைவேக்கு ஏறக் கூடாது. ஆள் நடமாட்டம் இல்லாத ரோட்டில் 50, 60 வேகத்தில் இருந்து 10, 20-க்கு மிதமா குறைச்சி, முழுசா நிறுத்தாமல், கொஞ்சம் ஓட விட்டு, மறுபடியும். இப்படி இருபது முப்பது தடவை. புதுப் பேட்டும் டிஸ்க்கும் ஒண்ணுக்கொண்ணு பழகணும். மறுநாள் நட்டை இன்னொரு தடவை முடுக்கிப் பாருங்க.

யார் செய்யக் கூடாது என்று கேட்டா, ஜேக் ஸ்டேண்ட் இல்லாதவங்க செய்யக் கூடாது, அது முதல். தனியா செய்யக் கூடாது. வீட்டு முன்னால் சரிவா இருந்தா செய்யக் கூடாது. ராத்திரி கைவிளக்கில், நாளைக்குக் காலையில் பயணம் என்று வெச்சிக்கிட்டு அவசரத்தில் செய்யவே கூடாது. பட்டனில் கை பிரேக் இருக்கிற புதுக் காடிங்களோட பின் பிரேக்கை நாங்களே தொட மாட்டோம். பிரேக் எண்ணெய் குழாயைத் திறக்கிற வேலை, காத்து எடுக்கிற வேலை, ரெண்டும் போமன் வேலை. "வீடியோ பார்த்துட்டேன் அண்ணே, ஈசிதான்" என்று வர்ற தம்பிங்களுக்கு எங்க பதில், முதல் தடவை பக்கத்தில் உட்கார்ந்து டார்ச் பிடி, ரெண்டாவது தடவை ஸ்பானர் பிடி.

போமன்களை நாங்க குறை சொல்றோம் என்று நினைக்க வேண்டாம். முப்பது வருசமா ஒரே சீன தவுக்கேகிட்ட போறவங்க எங்கள்ல உண்டு. கழட்டின பேட்டைக் கையில் கொடுத்து, பாரு என்று காட்டுற மனுசன் அவர். அப்படி ஒருத்தர் உங்களுக்குக் கிடைச்சா விட்டுடாதீங்க. நீங்க ஏன் சொந்தமா கை வைக்கணும்? காசுக்காக என்றால் வேண்டவே வேண்டாம். கடையில் நாங்க கடைசியா வாங்கின பேட் 85 வெள்ளி, கூலி கொடுத்திருந்தா இன்னொரு 40 வெள்ளி ஆகியிருக்கும். அந்த 40 வெள்ளிக்கு ஜேக் ஸ்டேண்டே வராது. ஒரு தடவை கழட்டிப் பார்த்தவனுக்குத்தான் என்ன கேட்கணும் என்று தெரியும். "உள்பேட் எவ்வளவு இருக்கு? பின் ஆடுதா?" என்று கேட்டா போமனும் அந்தக் காடியை வேற மாதிரி பார்ப்பார். நம்ம பொம்பளைங்க கிட்ட "டிஸ்க் போச்சு, கேலிப்பர் போச்சு, ஆயிரம் வெள்ளி" என்று சொல்லுற இடங்களும் இருக்கு, அவங்களும் அந்தப் பழைய பேட்டைக் காட்டு என்று கேட்கக் கத்துக்கணும். கேட்டா தப்பா நினைச்சிக்குவாங்களோ என்று தயங்காதீங்க, பேட்டும் உங்களோடது, காசும் உங்களோடது.

போன ஞாயிறு கழட்டினோமே, அந்த மைவி. அது யாரோடது என்று சொல்ல மாட்டோம். நம்ம கோயிலுக்கு ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் வர்ற அக்கா ஒருத்தங்க. வாரத்தில் ஆறு நாள் சாப்பாடு டெலிவரி ஓட்டி ரெண்டு பிள்ளைங்களைப் படிக்க வைக்கிறாங்க. "தம்பி, ரெண்டு நாளா கீச்சு கீச்சுங்குது, சாயந்தரம் ஜோகூர் போகணும், பிள்ளையை ஹாஸ்டலில் விடணும்" என்று பூசை நேரத்தில் வந்து சொன்னாங்க. ஞாயிற்றுக்கிழமை, அவங்க வழக்கமாப் போற ஒர்க்‌ஷாப் மூடியிருந்தது. அவங்களை "நாளைக்குப் பார்த்துக்கலாம், சாமி இருக்கார்" என்று அனுப்பி விட எங்களுக்கு மனசு வரல. கழட்டினோம். வலது பக்க உள்பேட் 2 மில்லிமீட்டர் கூட இல்லை. பக்கத்து ஸ்பேர்பார்ட்ஸ் கடை திறந்திருந்தது. பேட் மாத்தி, பின்னுக்கு கிரீஸ் போட்டு, அவங்களையே உட்கார வெச்சி பெடல் மிதிக்கச் சொன்னோம், தாமானைச் சுத்திச் சுத்தி ஓட்டிப் பழக்கியும் விட்டோம். ராத்திரி பத்தரைக்கு "போய்ச் சேர்ந்துட்டோம்" என்று மெசேஜ் வந்தது. அதுக்குத்தான் அந்தக் கருப்புத் தூசி.

தலைவர்கிட்ட நாங்க கேட்டிருக்கிறது இவ்வளவுதான். காடி பூசைக்குப் பேர் எழுத வர்றவங்களை, விருப்பம் இருந்தா, கால் மணி நேரம் முன்னாடி வரச் சொல்லுங்க. டயர் கழட்டாமல் பார்க்கக்கூடியதை எல்லாம் டார்ச் அடிச்சிப் பார்த்துச் சொல்றோம். பிரேக் எண்ணெய் அளவு, டயர் தேய்மானம், வெளிப்பேட், பிரேக் விளக்கு. சந்தேகம் இருந்தா போமன்கிட்ட போங்க என்று சொல்லுவோம், பூசையை நிறுத்த மாட்டோம், யாரையும் கட்டாயப்படுத்தவும் மாட்டோம். கோயிலில் இனிமேல் பேட் மாத்துற வேலை கிடையாது, அந்த அக்கா மாதிரி அவசரம் என்றால் மட்டும், அதுவும் தலைவரைக் கேட்டுவிட்டு. கத்துக்கணும் என்கிறவங்க வீட்டுக்கு எங்கள்ல ரெண்டு பேர் வருவோம், சமதரை இருந்தால். நிர்வாகக் கூட்டத்தில் பேசி முடிவு சொல்றேன் என்றிருக்கார். எதிர்ப்பு இருக்கிறவங்க அந்தக் கூட்டத்துக்கு வந்து சொல்லுங்க, நாங்களும் இருப்போம்.

தைப்பூசத்துக்குப் பத்துமலை போறவங்க, பினாங்கு போறவங்க இப்பவே காடியைப் பார்த்துக்கங்க, கடைசி வாரத்தில் ஒர்க்‌ஷாப்பில் இடம் கிடைக்காது. மலை இறங்குறவங்க கியரைக் குறைச்சிப் போட்டு இறங்குங்க. ஸ்டேண்ட் எங்ககிட்ட ரெண்டு ஜோடி இருக்கு. வீட்டில் சும்மா கிடக்கிற கேன்வாஸ் யார்கிட்டயாவது இருந்தா ஞாயிற்றுக்கிழமை கொண்டு வந்து கொடுங்க, பெருசா இருந்தா நல்லது.